வாசலோடு நிற்பவர்

அத்தியாயம் 9

புதன்கிழமை வரை குனில்லாவுக்கு ஒரே ஓர் அப்பாதான் இருந்தார். இன்று சனிக்கிழமை. இப்போது இரண்டு பேர் இருக்கிறார்கள்.

ஒருவர், முப்பத்தைந்து வருடமாக அவள் பார்த்துவரும் ஸ்டூரே ஹால்பெர்க். நொர்ஷோப்பிங் நகரத்தில் டிராம் ஓட்டுகிறவர். கிறிஸ்துமஸுக்குக் கோயிலில் அடித்தொண்டையில் பாடுகிறவர்.

இன்னொருவன் லைபிஷ். போலந்தில் பியோத்ர்கூவ் என்ற ஊரில் பிறந்த யூதச் சிறுவன். போர் முடிந்த கோடையில், எட்டு வயதில், பெர்கன்-பெல்சன் நாஜி வதைமுகாமிலிருந்து எலும்பும் தோலுமாகக் கப்பலில் சுவீடனுக்கு வந்து இறங்கியவன். காசநோய் விடுதியில் இரண்டு வருடம் கிடந்து, பிறகு ஹால்பெர்க் தம்பதிக்கு வளர்ப்புப் பிள்ளையாகி, அவர்கள் வைத்த பெயரோடும் அவர்கள் கொடுத்த ஞானஸ்நானத்தோடும் வாயை மூடிக்கொண்டவன்.

இரண்டு பேருக்கும் ஒரே முகம். எந்த முகத்தைப் பார்த்துப் பேசுவது என்றுதான் குனில்லாவுக்குத் தெரியவில்லை.

செய்தியைக் கொண்டுவந்தவள் ரோஷெல். மாண்ட்ரீல் பள்ளியில் கணக்கு டீச்சர். அவளுடைய அம்மா பெர்லா வசந்த காலத்தில் இறந்துபோனாள். தன் குடும்பத்தில் ஒருவரும் மிச்சமில்லை என்று வாழ்நாள் முழுக்கச் சொன்ன பெர்லா, கடைசி வாரம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் மகளின் கையைப் பிடித்துக்கொண்டு, "என் தம்பி நொர்ஷோப்பிங்ல டிராம் ஓட்டறான்" என்றாள். ஜுர வேகத்தில் பிதற்றுகிறாள் என்றுதான் ரோஷெல் நினைத்தாள். ஆனால் துக்கம் முடிந்த பிறகும் அந்தப் பேச்சு காதைவிட்டுப் போகவில்லை. விமானம் ஏறிவிட்டாள்.

வியாழக்கிழமை சமையலறையில் பெர்லா என்ற பெயரைக் கேட்டதும் ஸ்டூரே காபிக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"எங்கக்கா செத்துட்டான்னு சொன்னாங்களே" என்றார்.

யார் சொன்னார்கள் என்று கேட்பதற்குள் எழுந்து கொட்டகைக்குப் போய், பழுதே இல்லாத சைக்கிள் ஒன்றைப் பிரித்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார். ராத்திரி சாப்பாட்டுக்கு வந்தபோது ஒன்றே ஒன்று கேட்டுக்கொண்டார்.

"குட்ரூனுக்குத் தெரிய வேணாம்."

அந்தக் குட்ரூன் இதோ இப்போது காரில் முன் சீட்டில் உட்கார்ந்திருக்கிறாள். மடியில் கல்லறைக்கு வைக்கும் ஊசியிலை வளையம். வாயில் ஓயாத பேச்சு. குனில்லாவின் அம்மாவுக்கு அக்கா.

"பின்னால உக்காந்திருக்கற அந்தம்மா யாருன்னு இன்னும் நீ சொல்லலையேடி?" என்றாள் பின்பக்கம் திரும்பாமலே.

"கனடாலேருந்து வந்திருக்கற சிநேகிதி, பெரியம்மா."

"சிநேகிதியைக் கூட்டிட்டுப் போக வேற இடமே கெடைக்கலையா? ஊர் நடுவுல ஆறு இருக்கு, அருவி இருக்கு. நேராக் கல்லறைக்கா? காலைல பன்னி ஈரல் தடவி ரொட்டி குடுக்கறேன், தட்டைத் தள்ளி வைக்கறா. வயித்துல ஏதும் கோளாறா?"

"சைவம், பெரியம்மா" என்று வாய்க்கு வந்ததைச் சொன்னாள் குனில்லா. யூதர்களுக்குப் பன்றி ஆகாது என்று சொல்ல முடியுமா?

"நேத்து மீன் தின்னாளே?"

கண்ணாடியில் அப்பாவின் கண்கள் ஒரு நொடி குனில்லாவைப் பார்த்து, மறுபடி சாலைக்குப் போயின. தன் ரொட்டியையும் ரோஷெலின் ரொட்டியையும் சேர்த்துச் சாப்பிட்டவர் அவர்தான்.

கல்லறைத் திருநாள். ஊரே மெழுகு விளக்கும் கையுமாகக் கிளம்பியிருந்தது. குனில்லாவுக்கு வருடத்திலேயே பிடிக்காத நாள் இது. அம்மா பார்ப்ரோ போய் மூன்று வருடம். ஒவ்வொரு வருடமும் இந்த நாளில் அப்பா கார் ஓட்டிக்கொண்டு வருவார், கேட் வரைக்கும். அதைத் தாண்டி ஓர் அடி வைக்க மாட்டார்.

மற்ற நாளிலும் வந்ததில்லை. அடக்கத்தன்றே உள்ளே வரவில்லை.

இன்று விடப்போவதில்லை என்ற முடிவோடு வந்திருந்தாள் குனில்லா. அம்மாவின் முன்னால் அப்பாவைக் கொண்டுபோய் நிறுத்தியே தீர வேண்டும். ஐம்பது வருட ரகசியமே சமையலறை மேஜையில் கொட்டிவிட்டது. இனிமேல் ஒரு கேட் என்ன பெரிய கேட்?

"ஸ்டூரே, இந்த வருஷமாச்சும் எறங்குவியா?" என்றாள் குட்ரூன். "இல்ல, ஸ்டீயரிங்குலயே விளக்கேத்தி வச்சுக் கும்பிட்டுட்டு வந்துருவியா?"

ஸ்டூரே கியரை மாற்றினார். வண்டி ஓட்டும்போது அவர் யாரிடமும் பேசுவதில்லை. டிராமில் பழகிய பழக்கம்.

* * *

காரை நிறுத்தியதும் குனில்லா சுற்றிவந்து ஓட்டுநர் பக்கத்துக் கதவைத் திறந்தாள்.

"எறங்குப்பா."

"நீங்க போய்ட்டு வாங்க."

"இன்னிக்கு அது நடக்காது. எறங்கு."

ஆச்சரியமாக, இறங்கினார். தொப்பியைச் சரிசெய்துகொண்டார். கூடவே நடந்தார். குனில்லா அவர் வேகத்துக்கு நடையைக் குறைத்தாள். இவ்வளவுதானா, மூன்று வருடமாக இதைச் செய்திருக்கலாமே என்று நினைத்த வேளையில் கேட் வந்தது.

ஸ்டூரே நின்றார். வலது கை தானாகப் போய் இரும்புக் கம்பியைப் பிடித்துக்கொண்டது. அடக்கத்தன்று பிடித்த அதே கம்பி.

"வாப்பா."

"கால் வரலம்மா."

"மூட்டு வலியா?"

"இல்ல."

"பின்ன என்னதான்?"

அவர் தன் காலையே குனிந்து பார்த்தார். யாருடைய காலோ என்பதுபோல. "தெரியல" என்றார். "எனக்கே தெரியல குனில்லா."

"பாத்தியா, ஆரம்பிச்சுட்டான்!" என்று வளையத்தை இடுப்பில் இடுக்கிக்கொண்டு முன்னால் நடந்தாள் குட்ரூன். "என் தங்கச்சி இவனுக்கு முப்பத்திநாலு வருஷம் சோறு வடிச்சுப் போட்டா. நாப்பதடி நடந்து வர இவனுக்குக் கால் வரலையாம்!"

குனில்லா அப்பாவின் கோட்டுக் கையைப் பற்றி இழுத்தாள். அவளையும் மீறி இழுப்பு பலமாகிவிட்டது. அப்போது அவள் மணிக்கட்டின் மேல் ஒரு கை விழுந்தது. ரோஷெல். முகம் வெளுத்திருந்தது.

"விடு அவரை" என்றாள் ஆங்கிலத்தில்.

"நீ இதுல தலையிடாத ரோஷெல். உனக்குத் தெரியாது."

"எனக்குத் தெரியும். உனக்குத்தான் தெரியாது. உள்ள வா, சொல்றேன். மாமாவைத் தொடாத."

மாமா என்ற சொல் அவள் வாயில் இன்னும் புதிதாகவே இருந்தது.

* * *

கல்லறைத் தோட்டத்திலேயே மட்டமான இடம் பார்ப்ரோவுடையது. கடைசி வரிசை. பின்னால் ஆள் உயரத்துக்கு மேல் செங்கல் சுவர். சுவருக்கு அந்தப் பக்கம் நடைபாதை, அதற்கும் அந்தப் பக்கம் டிராம் தண்டவாளம். வளைவில் டிராம் திரும்பும்போதெல்லாம் பல் கூசுகிற மாதிரி ஒரு கிறீச்.

குட்ரூன் ஒரு விளக்கை ஏற்றி வைத்துவிட்டு, வளையத்தோடு தன் பெற்றோர் கல்லறைக்குப் போய்விட்டாள். ரோஷெல் விளக்கு ஏற்றவில்லை. குனிந்து ஒரு கூழாங்கல்லைத் தேடி எடுத்து, யூத வழக்கப்படி கல்லறைக் கல்லின் மேல் வைத்தாள்.

"சனிக்கிழமை எங்களுக்கு ஓய்வுநாள், தீ ஏத்த மாட்டோம்" என்றாள். "கார்லயும் வரக் கூடாது. கல்லறைக்கும் வரக் கூடாது. எங்கம்மா இருந்திருந்தா நான் வந்த ரெண்டுக்கும் சேர்த்து ஒரே திட்டாத் திட்டியிருப்பா."

குனில்லா கேட்கிற நிலையில் இல்லை. "அன்னிக்கும் இதேதான். பெட்டியைத் தூக்கிட்டு வந்தவங்க கேட்ல நின்னாங்க. மழை. எல்லாரும் நனையறாங்க. அப்பா கம்பியைப் பிடிச்சுட்டு நிக்கறார். வரலைன்னு தலையாட்டறார். பெரியம்மா ஊர் கேக்கற மாதிரி கேட்டா, 'நீயெல்லாம் ஒரு புருஷனா'ன்னு. நான் எதுவும் கேக்கல. ஒரு வருஷம் அவர் வீட்டுப் படி ஏறல, அவ்வளவுதான்."

"எங்க தாத்தாவும் கேட்லதான் நிப்பாராம்" என்றாள் ரோஷெல்.

"எந்தத் தாத்தா?"

"உனக்கும் எனக்கும் ஒரே தாத்தாதான். பியோத்ர்கூவ்ல. யார் செத்தாலும் ஊர்வலத்துல கடைசிவரைக்கும் போவாராம். கேட் வந்ததும் நின்னுடுவாராம். அம்மா சொல்லியிருக்கா. நாம கோஹென் வம்சம், குனில்லா. அந்தக் காலத்துல கோயில்ல பூசை பண்ணின வம்சம். அதுல பொறந்த ஆம்பளைங்க செத்தவங்க இருக்கற எடத்துக்குள்ள போகக் கூடாது. தீட்டு. பொண்ணுங்களுக்கு அது கெடையாது, அதான் நான் உள்ள வந்தேன்."

குனில்லா அவளையே பார்த்தாள். சிரிப்பு வரும்போல் இருந்தது. அழுகையும் வரும்போல் இருந்தது.

"எங்கப்பாவுக்குத் தீட்டா? காலைல பன்னி ஈரல் ரெண்டு பங்கு தின்னாரே. அந்தத் தீட்டெல்லாம் எங்க போச்சு?"

"அதான் எனக்கும் புரியல. மத்ததெல்லாம் மறந்துடுச்சு போல. இது ஒண்ணுதான் கால்ல நின்னுடுச்சு."

டிராம் ஒன்று கிறீச்சிட்டுத் திரும்பியது. அது போனதும் குனில்லா கேட்டாள்.

"சரி. பொண்டாட்டி செத்தாலுமா போகக் கூடாது?"

ரோஷெல் தான் வைத்த கூழாங்கல்லை நகர்த்தி வைத்தாள்.

"சொல்லு ரோஷெல்."

"போகலாம்" என்றாள் மெதுவாக. "போகணும். அம்மா, அப்பா, பிள்ளைங்க, கூடப் பொறந்தவங்க, பொண்டாட்டி. இவங்க அடக்கத்துக்குப் போகணும்னுதான் நான் கேட்டிருக்கேன்."

மழையில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்ற அப்பா, பாதி விதியை மட்டும் தெரிந்துகொண்டு நின்றிருக்கிறார். மீதிப் பாதியைச் சொல்லித்தர அந்தப் போர் யாரையும் உயிரோடு விட்டுவைக்கவில்லை. ஒரு சிறுவனுக்குத் தெரிந்த அளவு விதி, அறுபது வயதுக் காலைக் கட்டிப்போட்டிருக்கிறது.

"அப்ப அவர் வந்திருக்கலாம்! இப்பவும் வரலாம்!"

"இரு, இரு. அடக்கத்தன்னிக்குத்தான் அந்த விதிவிலக்கு. அப்புறம் வர்றதுக்கு இல்ல. அதுவும் இல்லாம உங்கம்மா எங்க மதம் இல்ல. அந்தக் கல்யாணத்தையே எங்க ஆளுங்க கல்யாணம்னு ஒத்துக்க மாட்டாங்க. அப்ப விலக்கு உண்டா, இல்லையா? யூதங்க இல்லாத கல்லறைக்கு இந்த விதியே உண்டா, இல்லையா?" ரோஷெல் நெற்றியைத் தேய்த்தாள். "தெரியல. சத்தியமாத் தெரியல. நான் பிள்ளைங்களுக்குப் பின்னம் சொல்லித் தர்றவ. மதம் சொல்லித் தர்ற ரபி இல்ல."

மூன்று வருடமாகக் குனில்லாவிடம் ஒரு கோபம் இருந்தது. கைக்கு அடக்கமான, நல்ல கோபம். எடுத்துப் பார்த்தால் எப்போதும் வைத்த இடத்தில் இருக்கும். இப்போது அதை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

அப்பாவிடம் ஓடிப்போய்ச் சொல்வதா? 'நீ வரலாமாம்ப்பா' என்றால், 'அன்றைக்கே வந்திருக்கலாம்' என்பதும் அதோடு ஒட்டிக்கொண்டு போகும். சொல்லாமல் விடுவதா? அப்படியானால் ஆயுசு முழுக்கக் கேட்டோடு நிற்பார். சொன்னாலும் கொலை, சொல்லாவிட்டாலும் கொலை என்று அவளுக்குத் தோன்றியது.

"எங்க ஊர்ல இதுக்கு ஒரு வழி வச்சிருக்காங்க" என்றாள் ரோஷெல், அவளைத் தேற்றுகிறவள்போல. "கோஹென் குடும்பத்துல பொம்பளைங்க ஓரமாப் பாத்து எடம் வாங்குவாங்க. பாதையோரம், வேலியோரம். புருஷனோ பையனோ வெளிய நின்னே பக்கத்துல…"

அவள் நிறுத்தினாள். கண் சுவருக்குப் போனது. குனில்லாவின் கண்ணும் போனது.

"பெரியம்மா!" என்று கூப்பிட்டாள் குனில்லா. குட்ரூன் கை மண்ணைத் தட்டிக்கொண்டே திரும்பி வந்துகொண்டிருந்தாள். "அம்மாவை ஏன் இங்க வச்சோம்?"

"ஏன்னா? எத்தனை தடவை அழுதிருக்கேன் இதுக்கு! பர்ச் மரத்தடில, எங்க அப்பா அம்மா பக்கத்துல ஜம்முன்னு எடம் கெடந்துச்சு. மகராசி கேட்டாளா? 'எனக்குச் சுவரோரம்தான் வேணும், ஸ்டூரே ஓட்டற டிராம் சத்தம் கேக்கணும்'னா. செத்தவளுக்கு என்னடி டிராம் சத்தம்? வியாதி தலைக்கு ஏறிடுச்சுன்னு விட்டுட்டேன்."

குனில்லா கேட்டை நோக்கி நடக்க ஆரம்பித்தாள். பிறகு ஓடினாள்.

* * *

கேட்டில் அப்பா இல்லை. காரிலும் இல்லை.

வெளிப்புறமாகச் சுவரை ஒட்டி நடைபாதையில் போனாள். மூன்று மணி தாண்டிவிட்டிருந்தது. வெளிச்சம் கரையத் தொடங்கியிருந்தது. மூலை திரும்பியதும் தூரத்தில் ஒரு தொப்பி தெரிந்தது.

ஸ்டூரே சுவரைப் பார்த்து நின்றிருந்தார். இடுப்பு உயரத்தில் ஒரு செங்கல் உதிர்ந்துபோன பொந்து. அதற்குள் ஒரு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பொந்துக்குக் கீழே செங்கல் தெரியாதபடி பழைய மெழுகு வழிந்து, அதன் மேல் புது மெழுகு வழிந்து, தடிப்பாக இறுகிக் கிடந்தது. இது ஒரு திருநாளில் சேர்ந்த மெழுகு இல்லை.

மகளைப் பார்த்ததும், கையும் களவுமாக மாட்டியவர்போலத் தீப்பெட்டியைப் பைக்குள் போட்டார்.

"எத்தனை நாளா?" என்றாள் குனில்லா.

"டூட்டி முடிஞ்சு வர்ற வழிதானே."

"தினமுமா?"

"ஞாயித்துக்கிழமை லீவு."

அவளுக்குச் சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்தது. கண்ணும் நிறைந்தது. "நாங்க எல்லாம் நீ காருக்குள்ள உக்காந்திருக்கன்னு…"

"நல்லதாப் போச்சு. இங்கேருந்து எல்லாம் கேக்கும். குட்ரூன் என்னைப் பத்திப் பேசறது பூராவும். வருஷா வருஷம் புதுசா ஏதாச்சும் ஒண்ணு சேத்துக்கறா." அவர் சுவரைத் தட்டிக் காட்டினார். "இன்னிக்கு நீங்க ரெண்டு பேரும் இங்கிலீஷ்ல பேசிட்டீங்க. பியோத்ர்கூவ்னு மட்டும்தான் விளங்கிச்சு. என்ன சொன்னா அந்தப் பொண்ணு?"

குனில்லா அதற்குப் பதில் சொல்லாமல் கேட்டாள். "கேட்ல ஏம்ப்பா நிக்கற?"

"அதான் சொன்னேனே, தெரியலன்னு." சற்று நேரம் விளக்கையே பார்த்தார். "ஒரு கை மட்டும் ஞாபகம் இருக்கு. முகம் இல்ல. பெரிய கை, கம்பளிக் கையுறை. என் கையைப் பிடிச்சிட்டு ஒரு கேட்டுக்கு வெளிய நிக்குது. உள்ள எல்லாரும் போறாங்க. நான் இழுக்கறேன். 'நாம இங்கதான் நிக்கணும்'னு ஒரு குரல். எங்கப்பாவாத்தான் இருக்கணும். அவரைப் பத்தி எங்கிட்ட மிச்சம் இருக்கறது அவ்வளவுதான். உள்ள போயிட்டா அதுவும் போயிடும்னு ஒரு பயம்."

ஒரு டிராம் வளைவில் திரும்பியது. ஓட்டுநர் ஸ்டூரேயைப் பார்த்து மணியை ஒருமுறை அடித்துவிட்டுப் போனார். இவரும் கையைத் தூக்கினார். வழக்கமாக நடப்பதுதான் என்று தெரிந்தது.

"அந்தப் பொண்ணு வேற ஏதாச்சும் சொன்னாளா?" என்றார் மறுபடி. "நான் நின்னது சரியா, தப்பான்னு?"

குனில்லா அவர் முகத்தைப் பார்த்தாள். இரண்டு அப்பாக்களும் அந்த ஒரே முகத்திலிருந்து அவளைப் பார்த்தார்கள்.

"அவளுக்கும் சரியாத் தெரியலையாம்ப்பா" என்றாள்.

பொய் இல்லை அது. அவர் தலையாட்டினார். அவள் பார்வையை விளக்குக்குத் திருப்பிக்கொண்டாள்.

"ஆனா இந்த எடம், இந்தப் பொந்து எல்லாம் எப்படிக் கண்டுபிடிச்ச? அம்மாகிட்டச் சொல்லியிருந்தியா, இந்த மாதிரி உள்ள வர மாட்டேன்னு?"

"ஒரு வார்த்தை சொன்னதில்ல. நான் போலந்துன்னே அவகிட்டச் சொன்னதில்ல." ஸ்டூரேயின் புருவம் சுருங்கியது. "அவதான் கூட்டிட்டு வந்தா. போறதுக்கு முன்னாடி கோடைல. நடக்கவே முடியல அவளால. இந்தச் சுவர்ல என் கையை எடுத்து வச்சு, 'நீ இங்க நின்னாப் போதும் ஸ்டூரே, எனக்குக் கேக்கும்'னா. நான் ஏன்னு கேக்கல. அவளும் சொல்லல."

"அப்ப அம்மாவுக்குத் தெரிஞ்சிருக்கு."

"எப்படித் தெரியும்? எனக்கே தெரியாதது அவளுக்கு எப்படித் தெரியும்?"

"குனில்லா?" சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து ரோஷெலின் குரல் வந்தது. "அங்கயா இருக்கீங்க?"

"ஆமா!" என்று குனில்லா ஆங்கிலத்தில் கத்தினாள். "எங்கம்மாவுக்கு எல்லாம் தெரிஞ்சிருக்கு, ரோஷெல். இந்த எடத்தைத் தெரிஞ்சேதான் வாங்கியிருக்கா. யார் சொல்லியிருப்பாங்க?"

ரோஷெல் சுவரை நெருங்கி வந்து பேசினாள். குரல் மாறியிருந்தது.

"எங்க வீட்டுக்கு வருஷத்துக்கு ஒரு போன் வரும். நான் காலேஜ் படிக்கற காலத்துலேருந்து. மார்ச் மாசம், ஒன்பதாம் தேதி, காலைல. அம்மா சமையல்கட்டுக் கதவைச் சாத்திட்டுப் பேசுவா. சுவீடிஷ்ல. போர் முடிஞ்சு இங்க சுவீடன்ல மூணு வருஷம் மில்லுல வேலை பாத்தாளே, அப்ப கூட இருந்த சிநேகிதின்னு சொன்னா. மூணு வருஷமா அந்தப் போன் வரல. அன்னிக்குப் பூராவும் அம்மா போனுக்குப் பக்கத்துலயே உக்காந்திருப்பா."

மார்ச் ஒன்பது அப்பாவின் பிறந்தநாள்.

ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் கேக் வெட்டியதும் அம்மா ஒரு துண்டைத் தட்டில் வைத்து மூடுவாள். 'குட்ரூனுக்குக் குடுத்துட்டு வந்துடறேன்' என்று கிளம்புவாள். ஒரு துண்டு கேக் கொடுக்க இவ்வளவு நேரமா என்று அப்பா கேலி செய்வார்.

"என்ன சொல்றா?" என்றார் ஸ்டூரே.

குனில்லா மார்ச் ஒன்பதுகளை எண்ணிக்கொண்டிருந்தாள்.

"குனில்லா, என்ன சொல்றா? சொல்லு."

"யாருகிட்டடி சுவரைப் பாத்துக் கத்திட்டிருக்கீங்க?" என்றது உள்ளேயிருந்து குட்ரூனின் குரல். "என்ன போன், மார்ச்சுன்னு? உங்கம்மா பேசுவாளே, அதுவா? என் வீட்டுப் போன்லதானே பேசுவா, உங்கப்பன் பொறந்தநாளுக்கு! ரூம் கதவைச் சாத்திட்டு! யாருடின்னா, ஸ்டூரேயோட அக்கான்னா. அவனுக்கு ஏது அக்கா, ஹால்பெர்க் வகையறால ஏதோ மனஸ்தாபம் போலன்னு நெனச்சுக்கிட்டேன். அவன்கிட்ட மூச்சு விடக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டா. இத்தனை வருஷத்துல நான் வாயைத் தொறந்திருப்பேனா?"

ஒவ்வொரு சொல்லும் சுத்தமான சுவீடிஷ். மொழிபெயர்க்க வேண்டிய வேலை குனில்லாவுக்கு மிஞ்சவில்லை.

ஸ்டூரே அசையவில்லை. பொந்திலிருந்த விளக்கு அவர் முகத்தில் ஆடிக்கொண்டிருந்தது. பிறகு இரண்டு உள்ளங்கைகளையும் விரித்துச் சுவரின் மேல் வைத்தார்.

"பார்ப்ரோ!" என்றார்.

கத்தினார் என்றுதான் சொல்ல வேண்டும். அப்பா கத்திக் குனில்லா கேட்டதே இல்லை. நடைபாதையில் விளக்கோடு போய்க்கொண்டிருந்த ஒரு குடும்பம் நின்று திரும்பிப் பார்த்தது.

"பார்ப்ரோ! எங்கக்கா உயிரோட இருக்கான்னு ஏன் எங்கிட்டச் சொல்லல?"

கிறீச்சிட்டுத் திரும்ப அந்த நேரம் பார்த்து ஒரு டிராம்கூட வரவில்லை. அப்புறம் குட்ரூன் பேசினாள். அவளுக்கு அவ்வளவு சின்னக் குரல் உண்டு என்று யாருக்கும் தெரியாது.

"ஸ்டூரே, நீ அங்கயா நிக்கற? ஐயோ… அவளைத் திட்டாத. அவ சொல்லணும்னுதான் துடிச்சா. ஒவ்வொரு தடவையும் போனை வச்சிட்டு என் கட்டில்ல உக்காந்து அழுவா. சொல்லக் கூடாதுன்னு கேட்டுக்கிட்டது உங்கக்காதான்."

ஸ்டூரே மெல்லத் திரும்பி மகளைப் பார்த்தார். அக்கா என்று அவர் உதடு மட்டும் அசைந்தது.

"என்ன ஆச்சு?" என்றது சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து ரோஷெலின் குரல், ஆங்கிலத்தில், பதறிப்போய். "மாமா ஏன் கத்தறார்? எங்கம்மாவைப் பத்தியா பேசறாங்க? யாராவது எனக்குச் சொல்லுங்களேன்!"